வெல்ல முடியாதவன் வீழ்ந்த கதை

கோடைக்கானலைத் தாங்கி நிற்கும் பழனி மலைத்தொடரின் வடக்கு அடிவாரத்திலே, பழனி நகருக்கு மேற்கே, ஐவர்மலை என்றொரு குன்று உண்டு. காவடி சுமந்து பழனிக்குச் செல்வோர் ஆயிரமாயிரம். ஐவர்மலைப் பாறையைப் படிக்கச் செல்வோர் எத்தனை பேர்?

அப்பாறையிலே சமணத் தீர்த்தங்கரர் உருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ளன. உடன் ஒரு கல்வெட்டும் இருக்கிறது. சாந்திவீரக் குரவர் என்னும் துறவி பார்சுவநாதர் உருவைப் புதுப்பித்து, 505 காணம் பொன் வைத்ததை அது கூறுகிறது. சக ஆண்டு 792, பாண்டியன் வரகுணனின் எட்டாம் ஆட்சியாண்டு என்று காலமும் குறிக்கிறது. அதாவது கி.பி. 870. வரகுணன் 862இல் முடிசூடினான் என்று வரலாற்றாசிரியர் துணிந்து கூறுவது இந்தக் கல்லை நம்பித்தான்.

அந்த வரகுணனை எதிர்த்த பல்லவன் பெயர் அபராசிதன். பராசிதன் என்றால் தோற்றவன். முன்னே நிற்கும் 'அ' அதனை மறுக்கிறது. எனவே, தோற்காதவன், யாராலும் வெல்லப்படாதவன்! இக்கருத்தைச் சொல்ல நம் தமிழில் சொல் இல்லையா? 'தோலா' என்ற சொல் உண்டே! சூளாமணி தந்த புலவரைத் தோலாமொழித்தேவர் என்றுதானே அழைத்தனர்? தோல்வி காணாத மொழியுடையார் என்பது அதன் பொருள்.

அபராசிதன் பெயருக்கேற்ப வாழ்ந்தானா? ஏறத்தாழ 880இல், குடந்தையை அடுத்த திருப்புறம்பியத்தில் பெரும்போர் மூண்டது. பல்லவனுக்குத் துணை நின்ற கங்க மன்னன் முதலாம் பிருதிவிபதி களத்திலே மாண்டான். ஆயினும் பாண்டியன் தோற்றான். பெயர் மெய்யாயிற்று என்று அவையோர் ஆர்ப்பரித்திருப்பர். ஆனால், அந்த நூற்றாண்டு முடிவதற்குள் ஆதித்த சோழன் படையெடுத்தான். யானைமேல் இருந்த பல்லவன்மீது பாய்ந்து அவனைக் கொன்றான் என்கிறது கன்னியாகுமரிக் கல்வெட்டு. தோற்காதவனோடு காஞ்சிப் பல்லவர் ஆட்சியே சாய்ந்தது!

ஐவர்மலைத் துறவியர் போற்றிய 'சினன்' என்ற பெயருக்கும் வென்றவன் என்பதே பொருள். வென்றது நாட்டையன்று, தன்னை. அவர்தம் துறவை நாம் ஏற்க வேண்டுவதில்லை. வெற்றிக்கு வேறு பொருள் கண்ட துணிவை மதிக்கலாம்.

வள்ளுவரோ இன்னும் தெளிவாகச் சொன்னார். சொல்வன்மை, சோர்வின்மை, அஞ்சாமை, இம்மூன்றும் உடையவனை வெல்லுதல் எவர்க்கும் அரிது என்றார். குலத்தைக் கேட்டாரா? முடியைக் கேட்டாரா? தெய்வ வரத்தைக் கேட்டாரா? இல்லை! உழைத்துப் பெறக்கூடிய மூன்றையே கேட்டார்.

மேடைதோறும் பட்டங்கள் வழங்கி மகிழும் நாம் இதனை எண்ணிப் பார்க்க வேண்டும். சூட்டிய பெயர் எவரையும் காத்ததில்லை. பட்டம் சூட்டுமுன் இம்மூன்றும் உண்டா என்று கேட்போம். அதற்கும் முன்னே, நம்மிடம் உண்டா என்று கேட்போம்.