பாஸ்போர்ட் விண்ணப்பிக்கும் முன் பெயரைச் சரி பாருங்கள்

ராஜபாளையத்துக்கு மேற்கே மலையடிவாரத்தில் இருக்கும் அய்யனார் கோவில் பகுதியை ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது என்று நான்கு பேரிடம் கேட்டால் நான்கு விதமாகச் சொல்வார்கள். மின் கட்டண அட்டையில் ஒரு விதம், ஆதாரில் ஒரு விதம், வங்கிப் பாஸ்புக்கில் இன்னொரு விதம். ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் இதே கதைதான். முகவரியில் இப்படி ஓரெழுத்து கூடிக் குறைந்தால் பெரும்பாலும் சிக்கல் வருவதில்லை. தபால்காரருக்கும் காவல் நிலையத்துக்கும் ஊர் தெரியும். ஆனால் உங்கள் பெயரில் ஓரெழுத்து மாறினால் ஹஜ் விண்ணப்பம், உம்ரா விசா, வளைகுடா வேலை என்று எங்கு போனாலும் அது வழிமறிக்கும்.

நம் வட்டாரக் குடும்பங்கள் பாஸ்போர்ட் என்றதும் கட்டணம் எவ்வளவு, எத்தனை நாளில் வரும் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். அதற்கும் பதில் தருகிறோம். அதற்கு முன் பெயர் விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகப் பார்த்துவிடுவோம். நம்மவர்களின் விண்ணப்பங்கள் அதிகம் தடுக்கி நிற்பது அங்கேதான்.

முஹம்மது எத்தனை முஹம்மது?

'முஹம்மது' என்ற ஒரே பெயரை பள்ளிக்கூடத்தில் எம்.ஓ.எச்.ஏ.எம்.இ.டி என்று எழுதியிருப்பார்கள். ஆதாரில் நடுவில் இரண்டு 'எம்' வந்திருக்கும். பான் கார்டில் எம்.டி என்று சுருக்கியிருப்பார்கள். பாத்திமாவுக்கு 'டி'க்குப் பிறகு 'எச்' உண்டா இல்லையா, பீவிக்கு இரண்டு 'இ' போடுவதா ஒரு 'ஐ' போடுவதா, ஷேக்கின் கடைசியில் 'கே' போதுமா 'எச்' வேண்டுமா என்று வீட்டுக்கு வீடு வித்தியாசம் இருக்கிறது. ஒரே வீட்டில் அண்ணனுக்கும் தம்பிக்கும் அத்தாவின் பெயர் வேறு வேறு எழுத்தில் இருப்பதும் உண்டு.

ஆகவே விண்ணப்பத்தைத் திறக்கும் முன்பே எல்லா ஆவணங்களையும் மேசையில் பரப்பி வைத்து, பெயர், தந்தை பெயர், தாய் பெயர், பிறந்த தேதி நான்கையும் எழுத்து எழுத்தாக ஒப்பிட்டுப் பாருங்கள். எதை அடிப்படையாக வைப்பது என்ற குழப்பம் வரும். பிறப்புச் சான்றிதழும் பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழும் இருந்தால் அவற்றில் உள்ளதை வைத்துக்கொண்டு ஆதார், பான், வாக்காளர் அட்டையை அதற்கேற்ப மாற்றுவதே நல்லது. ஆதாரைத் திருத்துவது பள்ளிச் சான்றிதழைத் திருத்துவதைவிட எளிது. ஆனால் ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்ற முடியும், பிறந்த தேதியை ஒரு முறைதான். இ-சேவை மையத்தில் அவசரத்தில் எதையாவது அடித்துவிட்டு வந்தால் ஒரு வாய்ப்பு போய்விடும்.

அடுத்தது இனிஷியல். பாஸ்போர்ட்டில் இனிஷியலையும் சுருக்கத்தையும் போடக்கூடாது, பெயரை விரித்து எழுத வேண்டும். தமிழ்நாட்டில் குடும்பப் பெயர் வைக்கும் வழக்கம் நமக்குக் குறைவு என்பதால், 'சர்நேம்' என்ற கட்டத்தைப் பலர் காலியாக விட்டுவிடுகிறார்கள். இந்திய பாஸ்போர்ட் அலுவலகம் அதை ஏற்றுக்கொள்ளும். ஆனால் ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பர் முதல், பாஸ்போர்ட்டில் ஒற்றைச் சொல்லாகப் பெயர் உள்ளவர்களை விசிட் விசாவில் அனுமதிப்பதில்லை என்று விமான நிறுவனங்களுக்கு அறிவித்தது. பிறகு, பாஸ்போர்ட்டின் இரண்டாவது பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் ஏற்கலாம் என்று விளக்கம் வந்தது. இருந்தாலும் விமான நிலைய கவுன்டரில் நின்றுகொண்டு இதை விளக்கிக் கொண்டிருப்பதைவிட, தந்தை பெயரைச் சர்நேமாக வைத்து இரண்டு சொல்லாகப் பெயர் அமைத்துக்கொள்வது மேல் என்பது எங்கள் கருத்து. பிள்ளைகளுக்குப் புதிதாக எடுப்பவர்கள் இதை அவசியம் யோசியுங்கள். ஏற்கெனவே படிப்பு, வேலை ஆவணங்கள் எல்லாம் வேறு மாதிரி இருப்பவர்கள் அவசரப்பட வேண்டாம். பாஸ்போர்ட்டில் மட்டும் பெயரை மாற்றினால் அது பட்டச் சான்றிதழோடு ஒத்துப்போகாது. பெயரையே முழுதாக மாற்றுபவர்கள் அரசிதழில் வெளியிட வேண்டிவரும்.

பிறந்த தேதியும் பழைய மாவட்டமும்

2016 டிசம்பரில் விதிகள் தளர்த்தப்பட்டபோது, பிறப்புச் சான்றிதழ்தான் வேண்டும் என்ற நிபந்தனை போனது. பள்ளி மாற்றுச் சான்றிதழ் அல்லது பத்தாம் வகுப்புச் சான்றிதழ், பான் கார்டு, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் அட்டை, எல்.ஐ.சி. பாலிசி பத்திரம் போன்றவற்றில் ஒன்றில் பிறந்த தேதி இருந்தால் போதும். பள்ளிக்கூடம் போகாத நம் உம்மாமார்களுக்கும் பாட்டிமார்களுக்கும் இது பெரிய உதவி. ஆனால் 2025 பிப்ரவரியில் வந்த திருத்தத்தின்படி, 2023 அக்டோபர் 1 அன்றும் அதற்குப் பிறகும் பிறந்த குழந்தைகளுக்குப் பிறப்புச் சான்றிதழ் மட்டுமே ஏற்கப்படும்.

ஆதாரில் பிறந்த தேதி இருக்கிறதே என்று அதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். ஆதார் அடையாளத்துக்கான சான்றே தவிர பிறந்த தேதிக்கோ குடியுரிமைக்கோ சான்று அல்ல என்று இப்போது அட்டையிலேயே அச்சிடுகிறார்கள். முதியவர்கள் பலருக்கு ஆதாரில் வருடம் மட்டும்தான் இருக்கும். அவர்களுக்குப் பான் கார்டு எடுத்துவைப்பது ஒரு வழி.

குழந்தையின் பிறப்புச் சான்றிதழை எடுத்துப் பாருங்கள், அதில் பெயர் இருக்கிறதா? மருத்துவமனையில் பெயர் வைப்பதற்கு முன்பே பதிவு செய்து, 'ஆண் குழந்தை' என்றோ பெயர் கட்டம் காலியாகவோ இருக்கும் சான்றிதழ்கள் ஏராளம். பிறப்பைப் பதிவு செய்ததிலிருந்து 12 மாதத்துக்குள் கட்டணமின்றியும், அதன்பின் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்துடனும் பெயரைச் சேர்க்கலாம். நகராட்சியிலோ ஊராட்சி சார்ந்த பதிவாளரிடமோ இதை முடித்துவிட்டுத்தான் பாஸ்போர்ட் பக்கம் போக வேண்டும்.

நம் பகுதிக்கென்று இன்னொரு குழப்பமும் உண்டு. விருதுநகர் மாவட்டம் 1985-ல் ராமநாதபுரத்திலிருந்து பிரிந்தது. சில காலம் காமராஜர் மாவட்டம் என்றும் அழைக்கப்பட்டது. ஆகவே அத்தாவின் பள்ளிச் சான்றிதழில் ராமநாதபுரம், அண்ணனுடையதில் காமராஜர், தம்பியுடையதில் விருதுநகர் என்று இருக்கும். ஊர் ஒன்றுதான். பக்கத்து சங்கரன்கோவில், சிவகிரி, கடையநல்லூர் பகுதியில் பெண் எடுத்த வீடுகளிலும் இப்படித்தான். 2019 நவம்பர் வரை திருநெல்வேலி, அதன் பிறகு தென்காசி மாவட்டம். இதற்காகப் பழைய சான்றிதழைத் திருத்த அலைய வேண்டாம். மாவட்டம் பிரிந்ததை அதிகாரிகள் அறிவார்கள், கேட்டால் சொல்லுங்கள்.

எங்கே, எவ்வளவு

விருதுநகர் மாவட்டம் மதுரை மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்தின் கீழ் வருகிறது. மதுரையிலும் திருநெல்வேலியிலும் பாஸ்போர்ட் சேவா மையங்கள் உள்ளன. 2017 முதல் தலைமை அஞ்சலகங்களிலும் மையங்கள் திறந்து வருகிறார்கள். ஆன்லைனில் நேரம் பதிவு செய்யும்போது எந்த மையத்தில் எந்தத் தேதி காலியாக இருக்கிறது என்று தெரியும். அருகில் உள்ளதையோ சீக்கிரம் கிடைப்பதையோ தேர்ந்தெடுக்கலாம். 2018 முதல் நாட்டின் எந்த ஊரிலிருந்தும் விண்ணப்பிக்கலாம் என்பதால், சென்னையிலோ திருப்பூரிலோ வேலை பார்க்கும் பிள்ளைகள் இதற்காகவே ஊருக்கு வர வேண்டியதில்லை. ஆனால் தற்போதைய முகவரி என்று எதைக் கொடுக்கிறீர்களோ அங்கேதான் போலீஸ் விசாரணை நடக்கும். அங்கே நீங்கள் இல்லை என்றால் அறிக்கை பாதகமாகப் போகும்.

அரசு இணையதளம் பாஸ்போர்ட்இந்தியா டாட் கவ் டாட் இன் ஒன்றுதான். 'கவ்' இல்லாமல் இதே போலத் தோன்றும் தனியார் தளங்கள் பணம் பறிக்கின்றன. பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகம் 1,500 ரூபாய், 60 பக்கம் 2,000 ரூபாய். புதுப்பிக்கவும் இதே தொகை. 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு 1,000 ரூபாய். 8 வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கும் 60 வயதைக் கடந்தவர்களுக்கும் புதிய பாஸ்போர்ட்டில் 10 சதவீதம் தள்ளுபடி. தட்கலுக்குக் கூடுதலாக 2,000 ரூபாய். தொலைந்தாலோ சேதமடைந்தாலோ 36 பக்கத்துக்கு 3,000 ரூபாய், அதோடு தொலைந்ததற்குக் காவல் நிலைய அறிக்கையும் வேண்டும். பதிவு செய்த நாளில் போக முடியாவிட்டால் ஒரு வருடத்துக்குள் மூன்று முறை வரை தேதியை மாற்றிக்கொள்ளலாம்.

முகவரிக்கு ஆதார் போதும். மின் கட்டண ரசீது, கேஸ் இணைப்பு, வாக்காளர் அட்டை போன்றவையும் செல்லும். ரேஷன் கார்டை மட்டும் கொண்டுபோனால் ஏற்க மாட்டார்கள். எல்லாவற்றுக்கும் ஒரிஜினல் கையில் இருக்க வேண்டும்.

பிள்ளைகளுக்கும் பெண்களுக்கும்

சிறுவர்களின் பாஸ்போர்ட் 5 ஆண்டு அல்லது 18 வயது, எது முதலில் வருகிறதோ அதுவரை செல்லும். 15 வயதைத் தாண்டியவர்கள் 10 ஆண்டுக்கானதையும் கேட்கலாம். பெற்றோர் இருவரும் கையெழுத்திடும் 'அனெக்சர் டி' உறுதிமொழி வேண்டும். வெள்ளைத் தாளில் அச்சிட்டால் போதும், நோட்டரி தேவையில்லை. தந்தை சவூதியிலோ துபாயிலோ இருந்தால், அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் சான்றளித்த உறுதிமொழி கேட்பார்கள். அவர் விடுமுறையில் வந்திருக்கும்போதே பிள்ளைகளின் விண்ணப்பத்தையும் முடித்துவிட்டால் இந்த அலைச்சல் மிச்சம். தந்தையின் ஒப்புதல் கிடைக்காத நிலையில் தாய் மட்டும் விண்ணப்பிக்க 'அனெக்சர் சி' இருக்கிறது. இதைச் சொல்லாமல் சகோதரிகளை அலையவிடுகிறார்கள் என்பதால் அழுத்தி எழுதுகிறோம். 4 வயதுக்குட்பட்ட குழந்தைக்கு வெள்ளைப் பின்னணியில் எடுத்த போட்டோ கொண்டுபோக வேண்டும். மற்றவர்களுக்கு மையத்திலேயே எடுப்பார்கள்.

பாஸ்போர்ட்டுக்குத் திருமணச் சான்றிதழ் கட்டாயம் இல்லை. விவாகரத்தானவர்கள் கணவர் பெயரைக் கொடுக்க வேண்டியதும் இல்லை. ஆனால் கணவரிடம் குடும்ப விசாவில் போக நினைக்கும் சகோதரிகளுக்கு ஜமாஅத் நிக்காஹ் புத்தகம் மட்டும் பெரும்பாலும் போதாது. தமிழ்நாட்டில் 2009-ஆம் ஆண்டுச் சட்டப்படி எல்லாத் திருமணங்களையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும், 90 நாட்களுக்குள் பதிந்தால் தாமதக் கட்டணம் இல்லை. நிக்காஹ் பதிவேட்டில் எழுதும்போதே மணமக்கள் பெயரை ஆவணத்தில் உள்ள எழுத்துப்படி ஆங்கிலத்திலும் எழுதிவைக்குமாறு ஜமாஅத் நிர்வாகிகளைக் கேட்டுக்கொள்கிறோம்.

ஹிஜாபோடு போட்டோ எடுக்கலாமா என்று பலர் கேட்கிறார்கள். எடுக்கலாம். தாடையிலிருந்து நெற்றி வரையும், முகத்தின் இரு ஓரங்களும் தெளிவாகத் தெரிய வேண்டும், அவ்வளவுதான். முகத்தை மூடும் துணியை மட்டும் அந்த நேரத்தில் அகற்ற வேண்டியிருக்கும்.

ஹஜ், உம்ரா, வேலை

ஒரு காலத்தில் ஹஜ் கமிட்டி மூலம் போகிறவர்களுக்குப் 'பில்கிரிம் பாஸ்' என்று தனியாகக் கொடுத்தார்கள். இப்போது சர்வதேச பாஸ்போர்ட் இல்லாமல் விண்ணப்பமே போட முடியாது. எந்தத் தேதி வரை செல்லுபடியாக வேண்டும் என்பதை ஹஜ் கமிட்டி ஒவ்வோர் ஆண்டும் அறிவிக்கும். உம்ராவுக்குப் போகும் நாளில் குறைந்தது 6 மாதமாவது செல்லுபடி மீதம் இருக்க வேண்டும். காலாவதிக்கு ஓர் ஆண்டு இருக்கும்போதே புதுப்பிக்க விண்ணப்பிக்கலாம். அறிவிப்பு வந்த பிறகு ஓடுவதைவிட, போகவேண்டும் என்று நிய்யத் வைத்தவுடனேயே புத்தகத்தை எடுத்துத் தேதியைப் பார்த்துவிடுங்கள். கையால் எழுதிய பழைய பாஸ்போர்ட்டுகள் 2015 நவம்பர் 24-க்குப் பிறகு செல்லாது.

புதுப்பிக்கும்போது பழைய பாஸ்போர்ட்டையும், அதன் முதல் இரண்டு, கடைசி இரண்டு பக்கங்களின் ஜெராக்ஸையும் கொண்டுபோங்கள்.

வேலைக்குப் போகும் இளைஞர்கள் கவனிக்க வேண்டியது இ.சி.ஆர். முத்திரை. பத்தாம் வகுப்பு தேறாதவர்களுக்கு இது விழும். சவூதி, குவைத், கத்தார், ஓமன், பஹ்ரைன், அமீரகம், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போக அவர்கள் குடிபெயர்வோர் பாதுகாப்பு அலுவலகத்தின் அனுமதி பெற வேண்டும். சென்னையில் இந்த அலுவலகம் உள்ளது. இது தொல்லையாகத் தோன்றினாலும், சம்பளம், ஒப்பந்தம் இரண்டும் பதிவாவதால் தொழிலாளிக்குப் பாதுகாப்பு. இதைத் தவிர்க்க விசிட் விசாவில் அனுப்புகிறேன் என்று சொல்லும் ஏஜென்டை நம்பாதீர்கள். பத்தாம் வகுப்பு தேறியவர்கள் விண்ணப்பத்தோடு அந்தச் சான்றிதழைக் கொடுத்தால் முத்திரை வராது. 50 வயதைக் கடந்தவர்களுக்கும் வருமான வரி செலுத்துபவர்களுக்கும் விலக்கு உண்டு. ஹஜ், உம்ரா பயணத்துக்கு இந்த முத்திரை தடையல்ல.

மறைக்கக் கூடாதது

வழக்கு இருக்கிறதா என்ற கேள்விக்கு உண்மையை எழுதுங்கள். நீதிமன்றத்தில் குற்ற வழக்கு நடந்துகொண்டிருந்தால், அந்த நீதிமன்றத்தின் அனுமதி பெற்று பாஸ்போர்ட் எடுக்க வழி இருக்கிறது. ஆர்ப்பாட்டத்தில் கலந்துகொண்டதற்காக எஃப்.ஐ.ஆர். போடப்பட்டவர்கள், நீதிமன்றம் அதைக் கோப்பில் எடுத்துவிட்டதா என்று வழக்கறிஞரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு எழுதுங்கள். எஃப்.ஐ.ஆர். மட்டும் இருப்பது வேறு, நீதிமன்றத்தில் நிலுவையில் இருப்பது வேறு. பொய்த் தகவல் கொடுப்பது 1967-ஆம் ஆண்டு பாஸ்போர்ட் சட்டத்தின் 12-வது பிரிவின்படி 2 ஆண்டு வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கக்கூடிய குற்றம். போலீஸ் விசாரணைக்கு எந்தக் கட்டணமும் கிடையாது.

மையத்துக்குள் மூன்று கவுன்டர்கள். முதலில் 'ஏ' கவுன்டரில் போட்டோ, கைரேகை எடுத்து, உங்கள் விவரங்களைத் திரையில் காட்டுவார்கள். பின்னால் வரிசை நிற்கிறதே என்று தலையாட்டிவிட்டு எழுந்துவிடாதீர்கள். பெயர், தந்தை பெயர், தாய் பெயர், பிறந்த ஊர் எல்லாவற்றையும் அங்கேயே எழுத்துக்கூட்டிப் படியுங்கள். கண் தெரியாத பெரியவர்கள் வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்கலாம். அங்கே சொன்னால் திருத்தம் ஒரு நிமிட வேலை. புத்தகம் அச்சாகி ஸ்பீடு போஸ்ட்டில் வீட்டுக்கு வந்த பிறகு என்றால் மறுபடி விண்ணப்பம், மறுபடி பயணம். சந்தேகம் இருந்தால் 1800-258-1800 என்ற கட்டணமில்லா எண்ணில் விசாரிக்கலாம்.