குண்டு விழுந்த இடங்கள்

முதுநகரின் சரித்திரத்தைக் காலக்கிரமமாகச் சொல்ல வருகிறவர்கள் தேவனாம்பட்டினக் கோட்டையில் தொடங்குகிறார்கள். கோட்டையை 1758இல் பிரெஞ்சுத் தளபதி லாலி பிடித்து இடித்துப் போட்டான். மிஞ்சியது சொற்பம்.

சிதம்பரத்தின் நிலை வேறு. கோவிலைச் சுற்றி நான்கு வீதிகள். சோழனும் பாண்டியனும் கல்லில் எழுதி வைத்தவை. ஊரே நமக்காக ஞாபகம் வைத்துக்கொள்கிறது. முதுநகரில் அந்த வேலையை வாயில் புழங்கும் பெயர்கள் செய்கின்றன. ஒழுங்கில்லாமல், ஒன்று மற்றொன்றை இழுத்துக்கொண்டு. (புரூஸ்டை இங்கே அழைக்க வேண்டாம். அவருடைய கேக் நம் சிறுபத்திரிகைகளில் வேண்டிய மட்டும் ஊறிவிட்டது.)

வங்கியில் முகவரிகளைச் சரிபார்ப்பது என் பிழைப்பு. ஒரு படிவத்தில் 'குண்டு உப்பலவாடி' என்று கண்டால் 1690 வந்துவிடுகிறது. அந்த வருஷம் கிழக்கிந்தியக் கம்பெனி மராட்டியரிடம் கோட்டையை விலைக்கு வாங்கியது. சுற்றிலும் பீரங்கிக் குண்டு எட்டும் தூரம்வரை நிலமும் சேர்த்தி என்பது பேச்சு. சென்னையிலிருந்து பீரங்கி வந்தது. எட்டவைப்பது சுடுகிறவனின் சாமர்த்தியம். குண்டு விழுந்த ஊர்கள் குண்டு கிராமங்கள் ஆயின. காலையில் மராட்டியரின் குடியாக வயலுக்குப் போனவன் கம்பெனியின் குடியாகத் திரும்பினான். அவன் நம் சரித்திரக்காரர்களை உறுத்தியதாகத் தெரியவில்லை. அன்றைய சென்னைக் கவர்னர் எலிஹு யேல். அமெரிக்கச் சர்வகலாசாலை ஒன்றுக்குப் பெயர் தந்தவர். உப்பலவாடிக்கும் யேலுக்கும் இடையே தர்க்கம் எதுவும் இல்லை. ஒரு சொல் இருக்கிறது.

கேப்பர் மலையும் அப்படியே. கேப்பர் ஓர் ஆங்கிலப் படை அதிகாரி. எனக்கோ அந்தச் சப்தம் கேப்பைக் கூழ். கூழிலிருந்து மலைமேல் உள்ள சிறை. அதிலிருந்து 1918 நவம்பரில் புதுச்சேரி எல்லையைத் தாண்டியதும் கைதாகிக் கடலூரில் அடைபட்ட பாரதி.

முதுநகர் என்பதே மொழிபெயர்ப்புதான். பஸ் கண்டக்டருக்கு அது ஓ.டி., ஓல்டு டவுன். வெள்ளைக்காரன் மஞ்சக்குப்பம் பக்கத்தைப் புதிது என்று சொன்னதால் இது பழையதாயிற்று. அந்தப் புது நகரத்தில் அடங்கிய திருப்பாதிரிப்புலியூரோ அப்பர் பாடிய தலம். கல்லோடு கடலில் எறியப்பட்ட அப்பர் கரை சேர்ந்ததாகச் சொல்லும் கரையேறவிட்டகுப்பமும் பக்கத்திலேயே இருக்கிறது. எது முதுநகர்?

பெயர்கூட வேண்டாம், மூக்கு போதும். 1980களில் சிதம்பரம் சாலையில் சிப்காட் ரசாயன ஆலைகள் வந்தன. கருவாட்டு வாசனைக்கு முன்பாகவே அந்த நெடி வந்து எதிர்கொள்ளும். பஸ்ஸில் கண்ணை மூடி வருகிறவர்கள் அதை வைத்தே ஓ.டி. வந்துவிட்டது என்று காலால் செருப்பைத் தேடுவார்கள். நானும் தேடியிருக்கிறேன்.