தொகுப்பும் ஆக்கமும்: எஸ்ஃபிர் ஷூபின் திரைப்பணி

பொதுவுடைமை ஆட்சியில் திரைப்படம் அரசின் உடைமை. அவ்வாறாயின், அதனை உருவாக்கியவருக்கு உரியது யாது? சோவியத் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூபின் (1894–1959) வாழ்க்கை இவ்வினாவை எழுப்புகிறது. தொகுத்தவர், தொகுப்பித்தவர் எனப் பிரித்தறியும் நூல்மரபில் வந்த நமக்கு இவ்வினா முற்றிலும் புதியதன்று.

ஷூப் 1922ஆம் ஆண்டில் அரசுத் திரைப்பட நிறுவனத்தில் சேர்ந்தார். அயல்நாட்டுப் படங்களைச் சோவியத் பார்வையாளருக்கு ஏற்ப வெட்டி ஒட்டுவதும், காட்சிகளுக்கிடையே தோன்றும் எழுத்துரையைப் புதிதாக எழுதுவதும் அவருடைய பணிகள். ஃபிரிட்ஸ் லாங்கின் ‘டாக்டர் மபூஸ்’ படத்தை அவர் 1924இல் மாற்றியமைத்தபோது, முழுநீளப் படம் எதனையும் அதுவரை முடித்திராத ஐசன்ஸ்டைன் உடனிருந்து தொழில் பயின்றார். காட்சியின் பொருளை அதன் அண்டைக் காட்சியே உறுதிசெய்கிறது என்னும் உண்மை அம்மேசையிலேயே அவர்களுக்குப் புலப்பட்டது எனலாம்.

அவ்வுண்மையை ஷூப் வரலாற்றெழுத்துக்குப் பயன்படுத்தினார். 1926இல் லெனின்கிராடில் ஏறத்தாழ 60,000 மீட்டர் பழைய படச்சுருளைப் பார்வையிட்டு, 5,200 மீட்டரைத் தெரிந்தெடுத்தார். அவற்றிலிருந்து உருவாகி 1927 மார்ச்சில் வெளிவந்ததே ‘ரோமானோவ் அரசமரபின் வீழ்ச்சி’. கப்பல் தளத்தில் உயர்குடியினர் வியர்க்க நடனமாடுகின்றனர். அதனைத் தொடர்ந்து உழைப்பாளிகள் வியர்வை சிந்துகின்றனர். மன்னரின் புகழுக்காக எடுக்கப்பட்ட படச்சுருளே மன்னராட்சிக்கு எதிரான சான்றாயிற்று. இதற்கெனப் புதிய கதையோ நடிகரோ தேவைப்படவில்லை.

எனினும், அப்படத்துக்கான ஆசிரியர் உரிமையை அவருக்கு வழங்க சோவ்கினோ நிறுவனம் மறுத்தது. காப்பகத்தைத் திறந்துவிட்ட அதே அரசமைப்பு, அதிலிருந்து பிறந்த படைப்பைத் தொகுப்புவேலை என்றே மதிப்பிட்டது.

1930களில் இம்முரண் வேறுவடிவம் கொண்டது. மின்மயமாக்கல் குறித்து 1932இல் ஒலிப்படம் ஒன்றை இயக்கிய ஷூப், அடுத்த ஈராண்டுகளில் ‘பெண்கள்’ என்னும் திரைக்கதையை எழுதினார். அது படமாகவில்லை. 1935இல் அவருக்கு அரசுச் சிறப்புப்பட்டம் கிடைத்தது. 1939இல் ‘ஸ்பெயின்’ வெளிவந்தபோது, காட்சிகளைக் கோத்தவர் ஷூப். உரையை எழுதியவர் விசெவலோத் விஷ்னெவ்ஸ்கி. எழுத்துரையால் காட்சிக்குப் பொருளூட்டிப் பழகியவர், இப்போது பிறர் உரைக்குக் காட்சி கோத்தார். போர்க்காலத்தில் செய்திப்படத் தொகுப்பே அவரது முதன்மைப் பணியாயிற்று.

ஆகவே, அரசு அவருக்கு வேலையும் மூலப்பொருளும் பட்டமும் அளித்தது. ஆயினும், அவர் எழுதிய ‘பெண்கள்’ திரைக்கதை படமாகவில்லை. வகுப்பறையில் பழைய செய்திப்படத்தை வரலாற்றுச் சான்றாகக் காட்டும் நாம் இதனை மனங்கொள்ளல் வேண்டும். ஒளிப்பதிவுக் கருவி கண்டது ஒன்று. தொகுத்தவர் சொன்னது மற்றொன்று. ‘யார் எடுத்தது?’ என வினவுவதோடு அமையாது, ‘யார் கோத்தது? யார் கோக்கச் செய்தது?’ எனவும் மாணவரை வினவப் பழக்குவது நம் கடமையாகும்.