புத்தக மனிதர்கள்

புத்தக மனிதர்கள்: அமெரிக்க எழுத்தாளர் ரே பிராட்பரி (1920–2012) 1953-இல் வெளியிட்ட ‘ஃபாரன்ஹீட் 451’ என்னும் நாவலில் இடம்பெறும், நூல்களை மனனம் செய்து காக்கும் கற்பனையான வித்துவ கோஷ்டி.

அமைப்பு: நூல்கள் தகனம் செய்யப்படும் எதிர்கால அமெரிக்காவில், முன்னாள் பேராசிரியர்களும் சமயகுருவும் உள்ளிட்ட இவர்கள், பழைய இருப்புப்பாதைகளை ஒட்டி நாடோடிகளாகச் சஞ்சரிக்கின்றனர். இவர்களுள் முதன்மையானவர் கிரேஞ்சர். பிளேட்டோவின் ‘குடியரசு’ அவர் பொறுப்பிலுள்ளது. நூல்களை எரிக்கும் உத்தியோகத்தைத் துறந்து வந்த மான்டாக், விவிலியத்தின் ‘சபை உரையாளர்’ நூலைத் தாங்குபவராகிறார்.

முறை: நூலை வைத்திருத்தல் அபாயமாதலால், படித்ததை எரித்துவிட்டு நெஞ்சில் நிறுத்துவதும், பெருநூல்களை அத்தியாயங்களாகப் பலர் பகிர்ந்துகொள்வதும், சந்ததியாருக்கு வாய்மொழியாக ஒப்புவிக்க எண்ணுவதும் இவர்களது நியமங்கள். தாம் முக்கியமானவரல்லர், நூல்களின் உறைகளே என்பது இவர்களது சித்தாந்தம்.

முக்கியத்துவம்: யுத்தத்தில் நகரம் நாசமானபின் இவர்கள் அதனை நோக்கி நடப்பதோடு நாவல் முடிகிறது. அச்சுக்கு முற்பட்ட கேள்விக் கல்வியே அச்சு நூலுக்குப் புகலிடமாவதை இக்கோஷ்டி உருவகப்படுத்துகிறது. பிரெஞ்சு இயக்குநர் பிரான்சுவா த்ரூஃபோ 1966-இல் இந்நாவலைத் திரைப்படமாக்கினார்.