மில் வாசலில் ஒரு கொலை வழக்கு

ஒரு நிமிட வீடியோ ‘பார்ட் 12’ என்று நின்றால், அடுத்தது எப்போது என்று ஊரே சண்டை பிடிக்கிறது. இதைப் புதுப் பழக்கம் என்பவர்களுக்கு நான் கோவையின் பீளமேட்டு மில் வாசலைத்தான் காட்டுவேன்.

1950 அக்டோபரில் ‘கல்கி’ இதழில் ‘பொன்னியின் செல்வன்’ தொடங்கி 1954 வரை வாராவாரம் வந்தது. எங்க அப்பாரு அப்போது மில்லில் ஸ்பின்னிங் வேலை. டீக்கடை பெஞ்சில் ஒருவர் உரக்கப் படிப்பார். ஷிப்ட் முடிந்து வருகிறவர்களுக்கு விட்ட கதையைச் சொல்லும்போதே வாதம் கிளம்பிவிடுமாம். ஆதித்த கரிகாலனைக் கொன்றது யார்? கல்கி கடைசிவரை அதை அறுதியிட்டுச் சொல்லவில்லை. எழுபது ஆண்டு கழித்து, மணிரத்னம் படம் வந்தபோதும் அந்த வழக்கு நடந்தது.

அதற்கும் முந்தியது மௌனப்படம். சாமிக்கண்ணு வின்சென்ட் 1914-இல் கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். அந்தக் காலத்தில் எடி போலோவின் தொடர்படங்களுக்குத் தமிழ்நாட்டில் பெரும் கூட்டம். ஆபத்தின் உச்சியில் ரீல் முடியும். மிச்சம் அடுத்த வாரம்.

இன்றைய ஒரு நிமிட வீடியோவும் அதே வழிதான். 2020 ஜூனில் இந்தியாவில் டிக்டாக் தடையான பிறகு ரீல்ஸும் ஷார்ட்ஸும் அந்த இடத்தைப் பிடித்தன. நம்மூர் யூடியூப் சேனல் நக்கலைட்ஸின் ‘அலப்பறைகள்’ வேறொன்றையும் காட்டியது: கொங்குப் பேச்சில் அம்மா திட்டினால், பார்ப்பவர் தம் வீட்டுக் கதையைச் சொல்லத் தொடங்கிவிடுகிறார்.

பாதியில் நிற்கும் கதையும் பேச ஆளும் இருந்தால் போதும், அது பரவும். மில் வாசலில் கதை கேட்டு வளர்ந்தவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அவர்கள் சொல்வதை இப்போதே பதிவு செய்யுங்கள்.