பரிசோதனை இயல்பு, எடை மட்டும் சரிவு: அனோரெக்சியா நெர்வோசா கண்டறியப்படுவது எப்படி?

வளரிளம் பருவத்தினரின் உடல் எடை காரணமின்றிக் குறையும்போது, இந்தியாவில் முதல் ஐயம் பெரும்பாலும் காசநோய் மீதே எழுகிறது. நோய்ப் பரவலைக் கருதினால் அது நியாயமானதே. எனினும், பரிசோதனை முடிவுகள் இயல்பாக அமைந்த பின்னரும் எடை தொடர்ந்து சரிந்தால், அனோரெக்சியா நெர்வோசா என்ற மனநலக் கோளாறும் கருத்தில் கொள்ளப்பட வேண்டும்.

1870-களில் இந்நோய்க்குப் பெயர் சூட்டிய லண்டன் மருத்துவர் வில்லியம் கல்லும், நோயாளிக்கு நுரையீரல் நோய் உள்ளதா என்பதை முதலில் ஆராய்ந்தார். அப்பெயர் 'பசியின்மை' என்று பொருள்படுவது சற்றே தவறான வழிகாட்டி. பெரும்பாலான நோயாளிகளுக்குப் பசி உண்டு. அதை அவர்கள் அடக்கிக்கொள்கின்றனர்.

அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் 2013-ம் ஆண்டு வரையறை மூன்று அம்சங்களைக் கோருகிறது: உணவைக் குறைத்ததால் ஏற்பட்ட மிகக் குறைந்த எடை, எடை கூடிவிடும் என்ற தீவிர அச்சம் அல்லது அதைத் தடுக்கும் விடாப்பிடியான நடத்தை, தனது உடலைப் பற்றிய பிழையான மதிப்பீடு. மாதவிடாய் நின்றிருக்க வேண்டும் என்ற பழைய நிபந்தனை அப்போது கைவிடப்பட்டது. ஆண்களுக்கும் பூப்பெய்தாத சிறுமியருக்கும் அது பொருந்தாது.

உலக சுகாதார அமைப்பு, பெரியவர்களுக்கு 18.5-க்குக் குறைவான உடல் நிறை குறியீட்டை அளவுகோலாகக் கொள்கிறது. இயல்பிலேயே மெலிந்தோரும், வறுமையால் மெலிந்தோரும் ஏராளமாக உள்ள நாட்டில் இந்த எண் மட்டும் போதாது.

தைராய்டு மிகைச் சுரப்பில் நன்கு உண்டாலும் எடை குறையும், நாடித்துடிப்பு வேகமாகும். அனோரெக்சியாவில் நாடி மந்தமாகி, உடல் குளிர்ந்திருக்கும். மாலைக் காய்ச்சலும் இரவு வியர்வையும் காசநோயைச் சுட்டும். மிகுந்த தாகமும் அடிக்கடி சிறுநீர் கழித்தலும் நீரிழிவைச் சுட்டும். மனச்சோர்வில் உணவில் நாட்டமே குன்றும், எடை பற்றிய கவலை இராது. புலிமியாவில் எடை பெரும்பாலும் இயல்பாகவே இருக்கும்.

இந்திய மருத்துவர்கள் எதிர்கொள்ளும் சிக்கல் வேறொன்று. டெல்லி எய்ம்ஸ் மருத்துவர்கள் 1995-ல் விவரித்த ஐந்து இளம்பெண்கள் உணவை மறுத்தனர், தொடர்ந்து வாந்தி எடுத்தனர். ஆனால் தங்கள் உடல் தோற்றம் குறித்த பிறழ்வான எண்ணம் அவர்களிடம் காணப்படவில்லை. நோயாளி "குண்டாகிவிடுவேன்" என்று கூறாமல், "வயிறு உப்புசம்" என்று மட்டும் கூறினால் உண்மைக் காரணம் விடுபட்டுப்போகக்கூடும். எனவே குடும்பத்தினர் கவனித்த மாற்றங்களையும் கேட்டறிவது அவசியமாகிறது.

ரத்தப் பரிசோதனை இயல்பாக இருப்பது ஆபத்து இல்லை என்பதற்குச் சான்றாகாது. நெடுநாள் பட்டினிக்குப் பின் திடீரென அதிகம் உண்ணச் செய்தால், ரத்தத்தில் பாஸ்பேட் அளவு சரிந்து இதயம் பாதிக்கப்படலாம். ஆகவே, கடுமையாக எடை இழந்தவர்களுக்கு உணவு மருத்துவக் கண்காணிப்பிலேயே படிப்படியாகக் கூட்டப்படுகிறது.

மனநல ஆலோசனைக்கு மத்திய அரசின் டெலி-மானஸ் சேவையை 14416 என்ற எண்ணில் கட்டணமின்றித் தொடர்புகொள்ளலாம்.