வேடமும் வாழ்வும்: யப்பானிய நடிகர் அயாமே

மேடையை விட்டு இறங்கியதும் நடிகன் தன் வேடத்தைக் களைந்துவிடுகிறான். யப்பானிய கபுக்கி நாடகத்திற் பெண் வேடந் தாங்கியோர்க்கு அவ்வுரிமையும் ஒருகாலத்தில் இருந்ததில்லை. கலைக்கடனுக்கும் சொந்த வாழ்வுக்குமிடையே அவர் பட்ட இடர்ப்பாட்டை யொசிசாவா அயாமே (1673–1729) என்பாரின் வரலாறு நன்கு புலப்படுத்துகின்றது.

கபுக்கியைத் தொடக்கியவள் ஒரு பெண்ணே. 1603ஆம் ஆண்டளவிற் கியோத்தோ நகரில் ஒக்குனி என்பாள் ஆடிய ஆடலே அதன் தோற்றுவாய் என்பர். ஒழுக்கக் கேட்டைக் காரணமாகக் கொண்டு தொக்குகாவா அரசு 1629இற் பெண்களை மேடையினின்றும் விலக்கிற்று. அவர்தம் இடத்தைப் பெற்ற இளைஞரும் 1652இல் விலக்கப்பட்டனர். ஆகவே, முன்னெற்றி மயிரை மழித்த ஆடவரே பெண்மையைக் காட்டவேண்டியவராயினர். இளமையழகு துணைசெய்யாதவிடத்து நடிப்புத் திறனே துணையாயிற்று. 'ஒன்னகாத்தா' எனப்படும் பெண்வேட நடிகர் மரபு இவ்வாறே வலுப்பெற்றது.

அயாமேயின் கருத்துக்கள் 'அயாமெகுசா' என்னும் தொகுப்பில் உள. அது நடிகர் கலைபற்றி 1776இல் வெளிவந்த நூலில் இடம்பெற்றது. அன்றாட வாழ்விலும் பெண்போல் ஒழுகாதவன் மேடையிற் சிறத்தல் அரிது என்பது அவர் கொள்கை. ஒப்பனையறையில் உண்ணும்போதும் பிறர் காணாவாறு திரும்பியிருந்தே உண்ணல் வேண்டும். மனைவி உண்டென்பதை மறைத்தல் வேண்டும். அவளைப் பற்றி எவரேனும் பேசின் நாணி முகஞ் சிவத்தல் வேண்டும்.

ஈண்டு ஊன்றி நோக்கத்தக்கது ஒன்றுண்டு. அயாமே துறவியல்லர், மக்களைப் பெற்று வாழ்ந்தவர். இல்லறத்தைத் துறக்குமாறு கலை அவரைக் கேட்கவில்லை. அதனை மறைக்குமாறே கேட்டது. துறந்தவனுக்குத் துறவின் பெருமையேனும் எஞ்சும். மறைத்தவனுக்கோ தன் இல்லத்தைத் தனதென்று வாய்திறந்து கூறும் உரிமையும் இல்லை.

1721இல் அயாமே ஆண் வேடம் புனைந்து நடிக்க முற்பட்டார். அம்முயற்சி வெற்றி பெறவில்லை. அவர் மீண்டும் பெண் வேடத்துக்கே திரும்பினார். புகழைத் தந்த பயிற்சியே மறுவழியை அடைத்து நின்றது. அவ்வேளை அவர் மைந்தருள் ஒருவர் சிறு குழந்தை. பின்னர் முதலாம் நக்கமுரா தொமிசூரோ எனப் பெயர்பெற்ற அவரும் தந்தையின் வழியையே மேற்கொண்டார். 'முசுமே தோஜோஜி' என்னும் புகழ்மிக்க ஆடலை 1753இல் முதன்முதலாக அரங்கேற்றியவர் அவரே.

பெண்கள் மேடையேறுவதற்கிருந்த தடை 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் நீங்கிய பின்னும் கபுக்கியிற் பெண்வேட மரபு நிலைத்தது. எனினும், இன்றைய ஒன்னகாத்தா நடிகர் அரங்கிற்கு வெளியே ஏனைய ஆடவர் போலவே வாழ்கின்றனர். அதனால் அக்கலை அழிந்துவிடவில்லை. அயாமே வகுத்த நுட்பமான பயிற்சி கலைக்கு இன்றியமையாதது. அவர் தமக்கு விதித்துக்கொண்ட மறைவு வாழ்க்கை அத்தன்மையதன்று என்பதை வரலாறு காட்டிற்று. கலைஞனிடம் உழைப்பைக் கேட்பது கலையின் உரிமை. அவன் இல்லத்தின் இன்பத்தையும் கேட்பது அவ்வுரிமைக்கு அப்பாற்பட்டது.